டாலர் கும்பிடுது

"காரை எடுக்கச் சொல்லுங்க மாமா. டாலரைக் கோயமுத்தூருக்குக் கொண்டு போகோணும்."

இதைக் கேட்கவே கூடாது என்று சொல்லித்தான் என்னை இந்த வீட்டுக்கு அனுப்பினார்கள். கல்யாணத்துக்கு முந்தின நாள் எனக்குத் தலை பின்னிக்கொண்டே அம்மா சொன்னாள்: "அந்த ஊட்டுல பொடவை கேளு, நகை கேளு, தப்பில்ல. வண்டி மட்டும் கேட்றாத கண்ணு. மருமக வண்டி கேட்டா பொறந்த ஊட்டுக்குக் கெளம்பறான்னு அர்த்தம்." அதற்குப் பிறகு ஊரில் வருஷா வருஷம் வரும் அம்மன் திருவிழாவில், இது இரண்டாவது நோம்பி. இதுவரை நான் வண்டி கேட்டதில்லை. வேலைக்குப் போகிறேன் என்றும் கேட்டதில்லை. அதைக் கேட்கக் கூடாது என்று யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

மாமனார் குமாரசாமி கூடத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். மஞ்சள் வேட்டி, மணிக்கட்டில் மஞ்சள் கிழங்கு கட்டிய காப்புக் கயிறு. ஊர் மாரியம்மன் நோம்பிக்கு இந்த வருஷம் அவர்தான் காப்புக் கட்டியிருக்கிறார். கோயில் முன்னால் கம்பம் நட்டுவிட்டால், நோம்பி முடிகிறவரை ஊர்க்காரர்கள் வெளியூரில் இராத் தங்கக் கூடாது. காப்புக் கட்டிய வீட்டுக்காரர்களோ ஊர் எல்லையையே தாண்டக் கூடாது. அந்த வீட்டில் தாளிப்பு கிடையாது, ஊசி கிடையாது, மருந்து கிடையாது. அம்மனைச் சூடாக்கக் கூடாதாம்.

"அதெப்படிங்கம்மணி முடியும்," என்றார் மாமனார். அவ்வளவுதான். பேப்பரைத் திருப்பிப் பிடித்துக்கொண்டார்.

இந்த வீட்டில் யாரும் அதட்ட மாட்டார்கள். மறுத்தாலும் 'ங்க' போட்டுத்தான் மறுப்பார்கள். அதட்டினால் திருப்பி அதட்டலாம். 'ங்க'வை என்ன செய்வது?

"நம்ம யாரும் போக வேண்டாமுங்க. டிரைவர் நஞ்சுண்டன் தாளவாடிக்காரருதானுங்களே, அவருக்குக் காப்பு இல்ல. நாயை அவருகிட்டக் குடுத்து உடுங்க. தொணைக்கு வேற ஆளைப் பாத்துக்கச் சொல்லி நான் டாக்டருக்கு மறுபடியும் போன் பண்ணிர்றேன்."

காரைக் கழுவி மஞ்சள் தெளித்து வைத்திருக்கிறது என்றார். நாளைக்குப் பவானியிலிருந்து தீர்த்தம் வர வேண்டிய வண்டி. அதில் நாயை ஏற்றி, நாய் அதற்குள் வாந்தி எடுத்து வைத்தால் ஊருக்கு அவர் என்ன பதில் சொல்வார்? பேப்பருக்குப் பின்னாலிருந்தே இவ்வளவும் சொன்னார்.

டாலர் எங்கள் வீட்டு நாய். பொமரேனியன் கலப்பு. முதல் எக்ஸ்போர்ட் ஆர்டர் கிடைத்த வாரத்தில் வந்த குட்டி என்பதால் என் வீட்டுக்காரர் கிருபாசங்கர் அப்படிப் பெயர் வைத்தார். ஆர்டர் வந்தது ஜெர்மனியிலிருந்து, அந்த ஊர்ப் பணத்தின் பெயரில் மார்க் என்றல்லவா வைத்திருக்க வேண்டும் என்று நான் வந்த புதிதில் கேட்டேன். அவர் சிரித்தார். மாமியார் ராசாத்தாள் சிரிக்கவில்லை. மருமகள் வந்த புதிதில் இவ்வளவு பேசக் கூடாது.

நான் நாமக்கல்லில் கால்நடை மருத்துவம் படித்தவள். பால் சொசைட்டியில் பால் சோதிக்கிறவருடைய மகள். எங்கள் வகையறாவில் எனக்கு முன்னால் கல்லூரி வாசலை யாரும் மிதித்ததில்லை. கல்யாணப் பத்திரிகையில் என் பெயரை விட பட்டத்தைப் பெரிதாகத் தங்க எழுத்தில் போட்டார்கள். நிச்சயத்துக்கு வந்த சொந்தக்காரர்களில் ஒரு ஒறம்பரை, "மாட்டு டாக்டருங்களா? கையை உட்டுப் பாக்கறதெல்லாம் புள்ள பண்ணுமுங்களா?" என்று கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். மாமனார், "படிச்சது படிப்புக்குத்தானுங்க, வேலைக்கில்லைங்க," என்றார். அன்றைக்கே நான் எழுந்து போயிருக்கலாம். எழுந்து போகிற பழக்கம் எங்கள் வீட்டில் யாருக்கும் கிடையாது.

நான் கார் கேட்டதற்கு முந்தின நாள் சாயங்காலம் டாலர் வாந்தி எடுக்க ஆரம்பித்தது. முதலில் சோறு, அப்புறம் நுரை. "புல்லு தின்னிருக்கும், எடுத்துப்போட்டுச் சரியாப் போயிரும்," என்றார் மாமியார். புல் தின்ற நாய் ஒரு தடவை எடுக்கும். எடுத்துவிட்டு வாலை ஆட்டிக்கொண்டு வந்து மறுபடியும் சோறு கேட்கும். இது தண்ணீர் குடித்தது. நான் திரும்புவதற்குள் குடித்த தண்ணீர் அப்படியே தரைக்கு வந்தது. வயிறு மொத்தமும் எக்கி எக்கி, வெளியே வர ஒன்றுமில்லாதபோதும் எக்கியது.

வயிற்றுக்கு ஓய்வு கொடுங்கள், இன்றைக்கு எதுவும் போடாதீர்கள் என்றேன். "வாயில்லாத சீவனைப் பட்டினி போடச் சொல்றியேம்மணி," என்று மாமியார் தயிர்ச்சோறு பிசைந்து வைத்தார். வந்தது. மஞ்சள் தண்ணீர் கொடுத்தார். வந்தது. வேப்பிலை அரைத்து நாக்கில் தடவினார். அதுவும் வந்தது. ஒவ்வொரு தடவையும் டாலர் வெட்கப்பட்டதைப் போலத் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு போய் மூலையில் நின்றது.

காலையில் கழுத்துத் தோலைக் கிள்ளி விட்டுப் பார்த்தேன். கிள்ளியது கிள்ளியபடி நின்றது. உடம்பில் தண்ணீர் இல்லை. ஈறு ஒட்டிக்கொண்டு வறண்டிருந்தது. வயிற்றை இரண்டு கைகளாலும் மெதுவாக அமுக்கிப் பார்த்தேன். உள்ளே குடல் புடவைக் கொசுவம் மாதிரி மடிந்து மடிந்து ஒரு பக்கமாகச் சேர்ந்திருந்தது. கல்லூரியில் படம் பார்த்திருக்கிறேன். விரலுக்கு அடியில் அன்றைக்குத்தான் பார்த்தேன்.

கொல்லைப்பக்கம் போனபோது காரணம் கிடைத்தது. வீட்டுக்குப் பின்னால்தான் எங்கள் பனியன் கம்பெனி. நோம்பிக்கு மூடியிருந்ததால் கட்டிங் வேஸ்ட் மூட்டைகளை எடுக்க லாரி வரவில்லை. ஒரு மூட்டை கிழிந்து கிடந்தது. ஆட்கள் சாப்பிட்டுவிட்டுக் கை துடைத்துப் போடும் துண்டுத் துணியெல்லாம் அந்த மூட்டையில்தான் சேரும். குழம்பு வாசத்துக்குத்தான் டாலர் அதைக் குதறியிருக்கிறது. துணியும் தின்றிருக்கிறது. துணியோடு தைத்த நூலும் போயிருக்கிறது. நூலின் ஒரு முனை இரைப்பையில் மாட்டிக்கொண்டால், குடல் மிச்ச நூலைக் கீழே இழுக்கப் பார்க்கும், முடியாது. பாவாடை நாடாவை இழுத்தால் துணி சுருங்குமே, அந்த மாதிரிக் குடல் நூலின் மேல் சுருங்கி ஏறிக்கொள்ளும். இதற்கு ஊசி போட்டுப் பயனில்லை, சாமி கும்பிட்டும் பயனில்லை. வயிற்றைத் திறந்து எடுக்க வேண்டும்.

போனுக்குப் பூட்டுப் போட்டு, சாவியை மாமியார் இடுப்பில் வைத்திருப்பார். கிருபாவிடம் கேட்டேன். அவர் அம்மாவிடம் ஏதோ சொல்லி வாங்கி வந்து திறந்துவிட்டார். அந்த மட்டும் அவர் நல்லவர்தான். நாமக்கல்லில் எனக்கு சீனியராக இருந்த ராமுலு கோயமுத்தூரில் கிளினிக் வைத்திருக்கிறார். நான் சொன்னதை எல்லாம் கேட்டுவிட்டு, "கை வெச்சுப் பாத்துட்டியா? அப்பச் சரி, கொண்டு வா," என்றார். "எனக்கு இன்னைக்கு ஆள் இல்ல லோகப்பிரியா. தியேட்டருக்குள்ள நீ நிக்கோணும். ராத்திரியும் நீதான் பக்கத்துல இருக்கோணும்." என் முழுப் பெயரை யாரோ சொல்லிக் கேட்டு எவ்வளவோ நாளாகியிருந்தது. இந்த வீட்டில் நான் லோகு, அம்மணி, இல்லாவிட்டால் 'ஏம்மா'.

போனை வைத்துவிட்டு நேராகக் கூடத்துக்குப் போய்த்தான் மாமனாரிடம் காரைக் கேட்டேன்.

அவர் முடியாது என்ற பிறகு திரும்பி வந்தால், டாலர் முன்வாசலில் கிழக்குப் பார்த்து நின்றுகொண்டிருந்தது. முன்னங்கால் இரண்டையும் நீட்டி, நெஞ்சைத் தரையில் வைத்து, பின்பக்கத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு. வயிற்றுவலி தாங்காத நாய் அப்படித்தான் நிற்கும். அந்த நிலையில் வயிற்று இழுப்பு கொஞ்சம் குறையும்.

எங்கள் வாசலுக்கு நேர் கிழக்கே மாரியம்மன் கோயில்.

"ஏனுங்க, சித்த இங்க வாங்க," என்று மாமியார் மாமனாரைக் கூப்பிட்டார். குரல் நடுங்கியது. "டாலர் கும்பிடுது."

மாமனார் எழுந்து வந்தார். பார்த்தார். செருப்பில்லாத காலை ஒன்றோடொன்று சேர்த்து வைத்துக்கொண்டு அவரும் கிழக்கே திரும்பிக் கை கூப்பினார்.

"அது வலி தாங்காம நிக்குதுங்க அத்தை," என்றேன்.

"படிச்சுப்போட்டா அல்லாமே வலியாத்தான் தெரியும் கண்ணு," என்றார் மாமியார். கோபமே இல்லை. என்மேல் பாவப்பட்டுச் சொன்னார்.

அதற்கப்புறம் எனக்கு நாய் கிடைக்கவில்லை. கம்பத்துக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு ஈரப் புடவையோடு திரும்பிய பெண்கள் முதலில் வந்தார்கள். அவர்கள் போய்ச் சொல்லி மற்றவர்கள் வந்தார்கள். காப்புக் கட்டின வீட்டு நாய் அம்மனைக் கும்பிடுகிறதாம். டாலர் நெற்றியில் மஞ்சளும் குங்குமமும் வைத்தார்கள். கழுத்தில் வேப்பிலை கட்டினார்கள். ஒருத்தி வாழைப்பழத்தை உரித்து வாயில் திணித்தாள். நான் கையைத் தட்டிவிட்டேன். "சாமி பிரசாதத்தைத் தட்டறயே, நல்லாருக்குதா?" என்று கேட்டாள். பழம் உள்ளே போனது. கொஞ்ச நேரத்தில் மஞ்சள் மஞ்சளாகப் பித்தத்தோடு வெளியே வந்தது.

"மஞ்சளாவே எடுக்குது பாருங்க," என்று அதற்கும் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள்.

ஈரலிலிருந்து வருகிற பித்தம் அது, வயிறு வெறும் வயிறாகிவிட்டது என்று கத்தினேன். ஒரு நிமிஷம் எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். மாமியார் வந்து என் கையைப் பிடித்து உள்ளே கூட்டிப்போனார். காலையிலிருந்து நான் ஒன்றும் சாப்பிடவில்லை, அதனால்தான் இப்படிப் பேச்சு வருகிறது என்று சமையல்கட்டில் உட்காரவைத்துத் தட்டில் தாளிக்காத ரசமும் சோறும் போட்டார். முன்பக்கக் கதவை வெளியிலிருந்து சாத்திக்கொண்டு போனார். தாழ்ப்பாள் போட்டாரா என்று தெரியாது. தள்ளிப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. தாழ்ப்பாள் போட்டிருந்தால் அப்புறம் அதைத் தெரிந்துகொண்டே இந்த வீட்டில் இருக்க வேண்டும்.

தட்டை அப்படியே வைத்துவிட்டுக் கொல்லை வழியாகச் சுற்றிப் போனேன். கிருபா டாலரைப் பக்கவாட்டுச் சந்துக்குத் தூக்கி வந்திருந்தார். கூட்டத்தில் அது முக்க ஆரம்பித்ததாம். சாமிக்கு முன்னால் அசிங்கம் வேண்டாமென்று எடுத்துக்கொண்டு வந்திருக்கிறார்.

"லோகு, இங்க பாரு. பின்னால நூல் தொங்குது."

கருநீல நூல். ஒரு விரல் நீளம் வெளியே வந்திருந்தது. இந்த மாசம் தைத்த ஜெர்மனி ஆர்டரின் நிறம்.

"தொடாதீங்க. இழுத்தா உள்ள குடலை அறுத்துப்போடும். நான் கத்தரி எடுத்துட்டு வாரேன், வெளிய இருக்கறதை மட்டும் நறுக்கி உடோணும். அப்புறம் அது எங்கயும் மாட்டி இழுபடாது."

"சரி, சரி. தொடல," என்றார்.

கத்தரியைக் காணோம். நோம்பிக்காக வீட்டில் இருந்த கத்தரி, ஊசி எல்லாவற்றையும் மாமியார் ஒரு துணியில் சுற்றிப் பரணில் போட்டிருந்தார். நாற்காலி போட்டு ஏறித் துழாவிக்கொண்டிருந்தபோது டாலர் கத்தியது கேட்டது. ஒரே ஒரு கத்து.

கிருபா பத்து வயதிலேயே அப்பாவின் முதல் ஷெட்டில் உட்கார்ந்து பனியனுக்குப் பிசிறு எடுத்தவர். செக்கிங்கில் ஒரு நூல் நீட்டிக்கொண்டிருந்தால் பீஸ் திரும்பி வந்துவிடும். இந்த வீட்டில் எல்லோருக்கும் அந்தக் கை உண்டு. சாப்பிட உட்கார்ந்தால்கூடப் பக்கத்தில் இருப்பவர் சட்டையில் பிசிறு பார்த்தால் பிடுங்கிவிட்டுத்தான் சோற்றில் கை வைப்பார்கள். என் புடவைத் தலைப்பில் எத்தனையோ தடவை பிடுங்கியிருக்கிறார்கள்.

"வந்துபோச்சு லோகு," என்றார். கையில் ஒரு முழத்துக்கு நூல். பாதியில் அறுந்திருந்தது. முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம். "தொடக் கூடாதுன்னுதான் இருந்தேன். கை போயிருச்சு."

டாலரின் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

அதற்குப் பிறகு அது வாந்தி எடுக்கவில்லை. எக்கவில்லை, முக்கவில்லை. வயிற்றைத் தூக்கிக்கொண்டு நிற்கவும் இல்லை. சந்தில் நிழலாக இருந்த இடத்தில் ஒருக்களித்துப் படுத்துக்கொண்டது. மாமியார் வந்து பார்த்தார். "வாந்தி நின்னுபோச்சு பாத்தியா கண்ணு. நீ ஏகமா வெசனப்பட்ட. அம்மன் எறங்கிக் காப்பாத்திப்போட்டா." கூட்டத்தில் போய்ச் சொன்னார். அங்கே குலவை போட்டார்கள்.

வயிற்றில் கை வைத்தேன். பலகை. ஈறு செங்கல் நிறத்துக்கு வந்துகொண்டிருந்தது. காது சில்லென்று இருந்தது. வாந்தி எடுத்துக்கொண்டிருந்தவரை அந்த உடம்பு போராடிக்கொண்டிருந்தது. இப்போது நூல் குடலை எங்கேயோ அறுத்திருக்கிறது, உள்ளே இருந்தது வயிற்றுக்குள் கசிய ஆரம்பித்திருக்கிறது. இனி அது சத்தம் போடாமல் செத்துப்போகும். சாயங்காலத்துக்குள் திறந்து கழுவித் தைத்தால் ஒருவேளை பிழைக்கலாம். அந்த ஒருவேளை மட்டும்தான் மிச்சம்.

"நீங்க இழுத்தது குடலை அறுத்திருச்சுங்க," என்று கிருபாவிடம் சொன்னேன். "குணமாகல. சாகப் போகுது."

அவர் நூலைக் கீழே போட்டார். கையை வேட்டியில் துடைத்தார், மறுபடியும் துடைத்தார். கண் கலங்கிவிட்டது. டாலரை அவர்தான் வளர்த்தார். குட்டியாக இருந்தபோது சட்டைக்குள் போட்டுக்கொண்டு கம்பெனிக்குப் போவாராம்.

"காரை நீங்களே எடுங்க. மாமா சொல்லாம நஞ்சுண்டன் அதைத் தொட மாட்டாரு, நீங்க எல்லை வரைக்கும் ஓட்டுனாப் போதும். அங்க இருந்து நான் நஞ்சுண்டனோட போய்க்கறேன்."

"நீ எப்படிப் போவ? உனக்கும் காப்பு ஊடுதான."

"எனக்குக் கையில காப்பு இல்லைங்க."

அவர் என் மணிக்கட்டைப் பார்த்தார். அப்பாவுக்கும் மகனுக்கும் கட்டினார்கள். மருமகளுக்குக் கட்டுவதில்லை. கட்டாத காப்புக்குத்தான் நான் இந்த வீட்டில் அடைந்து கிடக்கிறேன்.

"அப்பாகிட்டப் பேசிட்டு வாரேன். இங்கியே இரு," என்று போனார்.

இருந்தேன். டாலரின் மூச்சு மேலோட்டமாக, வேகமாக இருந்தது. நெற்றிக் குங்குமத்தை என் தலைப்பால் துடைத்தேன். வேப்பிலையைக் கழற்றினேன். அது வாலின் நுனியை ஒரு தடவை அசைத்தது. ரொம்ப நேரமாகியும் அவரைக் காணோம். எழுந்து போய்ச் சந்து முனையிலிருந்து எட்டிப் பார்த்தேன். வாசல் பந்தலில் ஊர்ப் பெரியவர்கள் உட்கார்ந்திருந்தார்கள். மாமனார் நடுவில். கிருபா ஒரு அலுமினியச் சொம்பிலிருந்து ஒவ்வொருவர் டம்ளரிலும் குனிந்து குனிந்து நீர்மோர் ஊற்றிக்கொண்டிருந்தார். அப்பாவிடம் வந்ததும் நின்றார். வாயைத் திறந்தார். மாமனார் டம்ளரை நீட்டினார். மோரை ஊற்றிவிட்டு அடுத்தவரிடம் நகர்ந்தார்.

எனக்குக் கோபம்கூட வரவில்லை. அவர் கெட்டவர் இல்லை. இந்த வீட்டில் யாருமே கெட்டவர்கள் இல்லை. அதனால்தான் நான் இத்தனை நாள் இருந்தேன். நானும் இன்னும் பத்து வருஷம் போனால் அந்தச் சொம்பைத்தான் பிடித்துக்கொண்டிருப்பேன்.

உள்ளே போய்ப் பீரோவைத் திறந்தேன். பட்டுப் புடவைகளுக்கு அடியிலிருந்து ஸ்டெதாஸ்கோப்பை எடுத்தேன், படிப்புச் சான்றிதழை எடுத்தேன், பழைய மஞ்சப் பையில் போட்டேன். நகைப்பெட்டியைத் தொடவில்லை. பருத்திப் போர்வை ஒன்றில் டாலரைச் சுற்றி நெஞ்சோடு தூக்கினேன். கனமே இல்லை.

முன்வாசல் வழியாகத்தான் போனேன். கொல்லைக் கதவு இருந்தது, அதில் போக மனசில்லை. பந்தலில் பேச்சு நின்றது.

"எங்கம்மணி?" என்றார் மாமியார்.

"கோயமுத்தூருக்குங்க அத்தை."

"நாய் நல்லாயிருச்சேம்மா."

"இல்லைங்க."

மாமனார் எழுந்திருக்கவில்லை. குரலை உயர்த்தவும் இல்லை. "ஆபரேசன்னா ராத்திரி தங்க வேண்டி வருமுங்கம்மணி," என்றார்.

"ஆமாங்க மாமா. தங்குவேன்."

"தங்கிப்போட்டு இந்த ஊட்டுக்குள்ள வர முடியாதுங்களே."

"தெரியுமுங்க."

கிருபா சொம்பைக் கீழே வைத்தார். ஒரு அடி முன்னால் வந்தார். "லோகு, நோம்பி முடியட்டும். நானே உன்னைக் கூட்டிட்டுப் போறேன். எங்க வேணாலும்."

"அது வரைக்கும் இது இருக்காதுங்க," என்றேன்.

அவர் அங்கேயே நின்றார்.

கேட்டுக்கு வெளியே இன்னொரு கூட்டம் வந்துகொண்டிருந்தது. என் கையில் போர்வையில் சுற்றிய நாயைப் பார்த்ததும், கோயிலுக்குத்தான் தூக்கிக்கொண்டு போகிறேன் என்று நினைத்துக்கொண்டு ஒதுங்கிக் கை கூப்பினார்கள். ஒருத்தி தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்ளக் கையை நீட்டினாள். "தொடாதீங்க, வழி உடுங்க," என்றேன். கோயில் பக்கம் திரும்பாமல், சேலம் ரோட்டில் கோயமுத்தூர் பஸ் நிற்கும் இடத்தைப் பார்த்து நடந்தேன். பின்னாலிருந்து யாரோ என்னைக் கூப்பிட்டார்கள். டாலரின் தலை வெயிலில் படாமல் போர்வையை இழுத்துவிட்டுக்கொண்டு இன்னும் வேகமாக நடந்தேன்.